வீடு வாங்கும் முன் ஊரின் வரைபடத்தைப் பாருங்கள்

தென் கெடாவின் செமிலிங் பக்கம் ஒரு புதிய தாமானில் (வீடமைப்புப் பகுதி) வீடு பார்க்கிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம். விலை கட்டுப்படியாகிறது, வீடும் பிடித்திருக்கிறது. ஆனால் ரொட்டி வாங்க, பிள்ளையைப் பள்ளியில் விட, கிளினிக் போக, எல்லாவற்றுக்கும் மோட்டாரை எடுத்தாக வேண்டும். ஊர் ஏன் இப்படி அமைந்தது? இதை முடிவு செய்தவர் யார்? நீங்கள் என்ன செய்ய முடியும்? ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

ஓர் ஊர் எங்கே வளரும் என்பதை எது தீர்மானிக்கிறது?

பெரும்பாலும் போக்குவரத்துதான். ஆளும் சரக்கும் எந்த வழியில் சுலபமாகப் போய்வருகிறதோ, அந்த வழியில் கடைகள் வரும், பின்னால் வீடுகளும் வரும். தென் கெடாவில் அந்த வழி இரண்டு முறை மாறியது. முதலில் ஆறு, அடுத்து தண்டவாளம், பிறகு தார்ச்சாலை.

ஆறே வழியாக இருந்த காலத்தில் செமிலிங் எப்படி இருந்தது?

மெர்போக் ஆற்றுப் பக்கம்தான் இந்த வட்டாரத்தின் வாசல். சோழர் கல்வெட்டுகளில் வரும் கடாரத்தின் நிலம் இது. 1025 வாக்கில் ராஜேந்திர சோழனின் கப்பற்படை தாக்கியதும் இதைத்தான். செமிலிங்கை ஒட்டிய சுங்கை பத்துவில் 2009 முதல் நடந்த அகழாய்வு, பழைய இரும்பு உருக்கும் இடங்களை வெளிக்கொண்டு வந்தது. இரும்பை ஏற்றிச் செல்ல ஆறு பக்கத்திலேயே இருந்தது.

பிறகு ஏன் வளர்ச்சி உள்நாட்டுப் பக்கம் போனது?

1909இல் கெடா பிரிட்டிஷாரின் பிடிக்குள் வந்தது. 1915இல் புக்கிட் மெர்தாஜாமிலிருந்து அலோர் ஸ்டார் வரை ரயில் ஓடியது. 1918இல் பாடாங் பெசார் எல்லையைத் தொட்டது. ரப்பர் பாலை வெட்டி, உறையவைத்து, ஷீட்டாக்கித் துறைமுகம் அனுப்ப ரயில் வேண்டும். ரயிலும் பெருஞ்சாலையும் சுங்கை பட்டாணி, பீடோங், குரூண் வழியாகப் போயின. அந்த ஊர்கள் பெருத்தன. செமிலிங் பாதையிலிருந்து சற்று ஒதுங்கி நின்றுவிட்டது.

ஆற்றுவழி இன்றும் முழுதாக மறையவில்லை. தஞ்சோங் டாவாயிலிருந்து எதிர்க்கரையில் இருக்கும் பந்தாய் மெர்டேக்காவுக்குப் படகில் சட்டென்று போய்விடலாம். காரில் போவதானால் ஆற்றைச் சுற்றிக்கொண்டு நெடுந்தூரம் ஓட்ட வேண்டும்.

ரப்பர் தோட்டங்களைத் திட்டமிட்டவர் யார்?

கம்பெனிகள். லயம் (தொழிலாளர் வரிசை வீடுகள்), ஆயாக் கொட்டகை (குழந்தைக் காப்பகம்), தமிழ்ப்பள்ளி, கோயில், மளிகைக்கடை எல்லாம் நடக்கும் தூரத்தில் இருந்தன. இது தொழிலாளியின் வசதிக்காகச் செய்தது என்று நினைத்துவிடாதீர்கள். விடிவதற்குள் பெரட்டுக்கு (காலை ஆள் கணக்கெடுப்பு) எல்லோரும் வந்து நிற்க வேண்டும். வெளி உலகத்தோடு தொடர்பு குறைவாக இருக்க வேண்டும். அந்த வரைபடம் கம்பெனிக்காகப் போடப்பட்டது. வீடும் கம்பெனிக்கே சொந்தம்.

அதனால்தான் 1950களில் வெள்ளைக்காரக் கம்பெனிகள் தோட்டங்களைத் துண்டுதுண்டாக விற்றபோது, வேலையோடு வீடும் போயிற்று. இந்தத் துண்டாடலைச் சமாளிக்கத்தான் துன் வீ. தி. சம்பந்தன் 1960இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார். தொழிலாளர்கள் தவணையில் பங்குப் பணம் கட்டி வாங்கிய முதல் தோட்டம் கெடாவின் புக்கிட் சீடிம்.

தோட்டம் தாமானாக மாறியது எப்படி?

பினாங்கின் பாயான் லெப்பாஸில் 1972 முதல் தொழிற்சாலைகள் எழுந்தன. 1985இல் பினாங்குப் பாலம் திறந்தது. அதே ஆண்டில் புரோட்டோன் சாகாவும் விற்பனைக்கு வந்தது. 1994இல் வடக்கு–தெற்கு நெடுஞ்சாலை முழுமையடைந்தது. 1996இல் கூலிம் உயர்தொழில்நுட்பப் பூங்கா வந்தது. வேலை ஓரிடம், வீடு வேறிடம் என்று வாழ வழி பிறந்தது. பால்மரக் காட்டை அழித்து வீடு கட்டுவது லாபமான தொழிலாயிற்று.

தாமானுக்கு ஏன் பஸ் சரியாக வருவதில்லை?

வரைபடத்திலேயே காரணம் இருக்கிறது. பல தாமான்களுக்குப் பெரிய சாலையிலிருந்து நுழைய ஒரே வழிதான். உள்ளே முட்டுச் சந்துகள். பக்கத்துத் தாமானின் கடை உங்கள் வேலிக்கு அந்தப் பக்கமே இருந்தாலும், வெளியே போய்ச் சுற்றித்தான் வர வேண்டும். பஸ் உள்ளே நுழைந்தால் நேரம் வீண். நுழையாவிட்டால் நீங்கள் வெயிலில் நடக்க வேண்டும். நடக்க அலுத்தவர் மோட்டார் வாங்குவார். பயணி குறைந்தால் பஸ்ஸின் நடையும் குறையும். நடை குறைந்தால் மிச்சமிருப்பவரும் மோட்டார் வாங்குவார்.

ரயில் இருக்கிறதே?

இருக்கிறது. ஈப்போ–பாடாங் பெசார் இரட்டைத் தண்டவாளம் மின்மயமாகி, 2015 முதல் பட்டர்வொர்த்–பாடாங் பெசார் கொமுட்டர் ஓடுகிறது. ஆனால் அது பீடோங்கில் நிற்பதில்லை. செமிலிங்கில் இருப்பவர் சுங்கை பட்டாணிக்கோ குரூணுக்கோ போய்த்தான் ஏற வேண்டும். தண்டவாளம் பக்கத்தில் போவது வேறு, நிலையம் பக்கத்தில் இருப்பது வேறு. வீட்டு விளம்பரத்தில் "ரயிலுக்கு அருகில்" என்று பார்த்தால், எந்த நிலையம், அங்கே எதில் போவது என்று கேளுங்கள்.

சாலையை அகலப்படுத்தினால் சரியாகிவிடாதா?

கொஞ்ச காலத்துக்கு நெரிசல் குறையும். பயணம் சுலபமானதும் இன்னும் தள்ளிப் புதிய தாமான்கள் எழும். அந்த வண்டிகளும் அதே சாலைக்கு வரும். சிங்கப்பூர் வேறு வழியில் போனது. 1975லேயே நகர மையத்துக்குள் நுழையும் காருக்குக் கட்டணம் வைத்தார்கள். 1987இல் எம்ஆர்டி ரயில் வந்தது. புதிய அடுக்குமாடி நகரங்களை நிலையத்தையும் பஸ் முனையத்தையும் சுற்றியே கட்டினார்கள். வீட்டையும் வண்டியையும் சேர்த்து யோசித்தார்கள்.

இதனால் என் பணப்பைக்கு என்ன?

ஒரு கணக்குப் போடுங்கள். தூரத்து வீட்டின் மாதத் தவணை 300 ரிங்கிட் குறைவு என்று வைப்போம். இரண்டாவது மோட்டாரின் தவணை, பெட்ரோல், காப்புறுதி, பிள்ளையின் பள்ளி வேன் ஆகியவற்றை ஒரு தாளில் எழுதிக் கூட்டுங்கள். 300ஐத் தாண்டினால் அந்த வீடு மலிவானதல்ல.

பணத்தில் வராத கணக்கும் உண்டு. வீட்டில் மோட்டார் ஓட்டத் தெரியாத அம்மா இருக்கிறாரா? மருந்துக்கும் கோயிலுக்கும் அவர் யாரையாவது எதிர்பார்த்தே இருக்க வேண்டும். வாங்குவதற்கு முன், வேலைநாள் காலை ஏழு மணிக்கு ஒரு முறை அங்கே போய்ப் பாருங்கள். வேலைக்குப் போகும் பாதையில் போங்கள். கடைக்கு நடந்து போங்கள். நடைபாதை எங்கே அறுந்துபோகிறது என்று காலே சொல்லிவிடும்.

வேறு எதைப் பார்க்க வேண்டும்?

முதலில் ரஞ்சாங்கான் தெம்பாத்தான் (உள்ளூர்த் திட்டம்: எந்த நிலத்தில் வீடு, தொழிற்சாலை, சாலை வரலாம் என்று காட்டும் வரைபடம்). ஊராட்சி மன்றத்தின் திட்டப் பிரிவில் பார்க்கலாம். பிளான்மலேசியாவின் ஐ-பிளான் இணையத்தளத்திலும் நிலப் பயன்பாட்டைப் பார்க்கலாம். காலியாகத் தெரியும் எதிர்நிலத்துக்கு என்ன நிறம் தீட்டியிருக்கிறார்கள் என்று பாருங்கள். அங்கே தொழிற்சாலை வரக்கூடும்.

அடுத்து நில அலுவலகத்தில் பத்திரத்தைத் தேடிப் பாருங்கள். நிலம் இன்னும் விவசாய நிலம் என்றே பதிவாகியிருக்கிறதா? சாலைக்கென ஒதுக்கிய பகுதி வீட்டுமனையைத் தொடுகிறதா?

வரைபடம் வரும்போது நான் எதிர்ப்புச் சொல்லலாமா?

சொல்லலாம். நகர, கிராமத் திட்டச் சட்டம் 1976 அதற்கு இடம் தருகிறது. உள்ளூர்த் திட்டத்தின் வரைவை மக்கள் பார்வைக்கு வைக்க வேண்டும். ஆட்சேபம் சொல்லக் குறைந்தது நான்கு வாரம் தர வேண்டும். இந்த நான்கு வாரம்தான் முக்கியம். ஏனென்றால், பக்கத்து நிலத்தில் கட்டுமானம் வரும்போது உங்களுக்கு அறிவிப்பு அனுப்பி 21 நாள் அவகாசம் தரும் விதி, உள்ளூர்த் திட்டம் இல்லாத இடங்களுக்கே உரியது. திட்டம் முடிவாகிவிட்ட இடத்தில் அந்த அறிவிப்பை எதிர்பார்த்துக் காத்திருக்க முடியாது.

ஊராட்சி உறுப்பினர்களும் நீங்கள் ஓட்டுப் போட்டு வந்தவர்கள் அல்லர். ஊராட்சித் தேர்தல் 1965இல் நிறுத்தப்பட்டது. மாநில அரசு உறுப்பினர்களை நியமிக்கிறது. ஆகவே உங்கள் சட்டமன்ற உறுப்பினருக்கும் ஆட்சேபக் கடிதத்தின் நகல் போகட்டும்.

சாலைக்காக என் நிலத்தை எடுத்தால்?

நிலக் கையகப்படுத்தும் சட்டம் 1960இன்படி விசாரணை நடக்கும். கட்டாயம் நேரில் போங்கள். இழப்பீடு போதாது என்றால் 'N' படிவம் (இழப்பீட்டை எதிர்க்கும் படிவம்) போடலாம். இழப்பீட்டுத் தீர்ப்பு சொன்னபோது நீங்கள் அங்கே இருந்திருந்தால், அன்றிலிருந்து ஆறு வாரமே அவகாசம்.

லயத்தில் இருப்பவருக்கு நிலைமை கடினம். உடைமையாளர் விரும்பும் வரை மட்டும் குடியிருப்பவரை இந்தச் சட்டம் உரிமை கோரக்கூடியவராகக் கணக்கில் எடுப்பதில்லை. தோட்டம் விற்பனைக்கு வருகிறது என்ற பேச்சு எழுந்ததுமே, மாற்று வீடு பற்றி எழுத்தில் உறுதி கேளுங்கள். விற்ற பிறகு கேட்க இடமிருக்காது.

எழுத்தில் இல்லாவிட்டால் என்ன ஆகும்?

2013இல் சுங்கை பத்து தோட்டத்தில் வீடமைப்புக்கு நிலத்தைச் சமன் செய்தபோது, 11ஆம் எண் சண்டி (பழங்காலக் கோயில்) இடிபட்டது. ஆராய்ச்சியாளர்களுக்கு நன்கு தெரிந்த இடம் அது. ஆனால் மரபுரிமை நிலமாக அரசிதழில் பதிவாகியிருக்கவில்லை. ஆயிரம் ஆண்டைத் தாண்டிய கட்டடத்துக்கே இந்தக் கதி என்றால், பதிவில் இல்லாத கோயிலும் இடுகாடும் விளையாட்டுத் திடலும் எம்மாத்திரம்?

நான் முதலில் என்ன செய்யலாம்?

பக்கத்து வீட்டார் ஐந்தாறு பேரைச் சேருங்கள். ஊராட்சி மன்றத்துக்கு மலாய்மொழியில் ஒரு கடிதம் எழுதுங்கள். நில எண், எது வேண்டும், ஏன் வேண்டும் ஆகிய மூன்றும் தெளிவாக இருக்கட்டும். கேட்கக்கூடியவை: நடைபாதை, பஸ் நிறுத்தம், பக்கத்துத் தாமானுக்கு ஒரு நடைவழி, கோயில் நிலத்தின் பதிவு. ஆளுக்கொரு கையெழுத்துப் போடுங்கள். கடிதத்தைக் கொடுக்கும்போது, உங்கள் நகலில் பெற்றுக்கொண்ட முத்திரையும் தேதியும் வாங்கிக்கொள்ளுங்கள். முத்திரையுள்ள நகல் கையில் இருந்தால், நீங்கள் காலத்தோடு கேட்டீர்கள் என்பதை யாரும் மறுக்க முடியாது. தோட்டத்தின் வரைபடத்தைப் போட்டபோது நம் தாத்தா பாட்டியை யாரும் கேட்கவில்லை. இப்போது கேட்க வேண்டும் என்று சட்டமே சொல்கிறது. அந்த நான்கு வாரத்தைத் தவறவிடாதீர்கள்.