வருமுன் காக்கும் வழி: பெரியோர்க்கும் வேண்டும் தடுப்பூசி

தடுப்பூசி என்றவுடன் நம் மனக்கண்முன் தோன்றுவது தாய்மடியில் அழும் குழந்தையே. பள்ளிப் பருவத்தைக் கடந்துவிட்டால் ஊசிக்கும் நமக்கும் உள்ள உறவு முடிந்துவிட்டதாகக் கருதுகிறோம். ஆயினும், நம் சமுதாயத்தில் அறுபது, எழுபது வயதுப் பெரியவர்களும் மறுப்பேதுமின்றித் தடுப்பூசி இட்டுக்கொள்ளும் தருணம் ஒன்று உண்டு. அது ஹஜ் பயணத்திற்கு ஆயத்தமாகும் தருணம். அந்த ஓர் ஊசியின் வரலாற்றை அறிந்தாலே, வளர்ந்தவர்க்கும் தடுப்பூசி ஏன் தேவை என்பது தெளிவாகும்.

ஹஜ் பயணிகளின் ஊசி

மெனிங்கோகாக்கஸ் என்னும் நுண்ணுயிர் மூளையையும் தண்டுவடத்தையும் சூழ்ந்துள்ள உறைகளைத் தாக்குவது. உடனே மருத்துவம் செய்யாவிடில் ஓரிரு நாள்களிலேயே உயிரைப் பறிக்க வல்லது. இருமல், தும்மல், நெருங்கிய பழக்கம் ஆகியவற்றால் பரவுவது. 1987ஆம் ஆண்டு ஹஜ்ஜின்போது இதன் ‘ஏ’ வகை பரவியது. அதன்பின் சவூதி அரசு பயணிகளுக்குத் தடுப்பூசியைக் கட்டாயமாக்கியது. அக்காலத்தில் பலரும் இட்டுக்கொண்ட ஊசி ‘ஏ’, ‘சி’ என்னும் இரு வகைகளை மட்டுமே தடுப்பது.

2000ஆம் ஆண்டு ஹஜ்ஜில் ‘டபிள்யூ 135’ என்னும் வேறொரு வகை தலைகாட்டியது. அந்நோய் புனித நகரங்களோடு நின்றுவிடவில்லை. ஊர் திரும்பிய பயணிகளின் தொண்டையில் தங்கி, பயணமே மேற்கொள்ளாத அவர்தம் வீட்டாரையும் தாக்கியது. நுண்ணுயிரைச் சுமந்து வந்தவருள் பலர் நோயின் அறிகுறி சிறிதுமின்றி நலமாகவே இருந்தனர். அதன் பின்னரே நான்கு வகைகளைத் தடுக்கும் ஊசி கட்டாயமாயிற்று. புனித பூமியை அடைவதற்குக் குறைந்தது 10 நாள்களுக்கு முன்னரே அதனை இட்டுக்கொள்ள வேண்டும். சான்றிதழும் ஊசியின் வகைக்கேற்ப 3 அல்லது 5 ஆண்டுகளுக்கே செல்லும்.

இவ்வரலாறு நமக்கு மூன்று உண்மைகளை உணர்த்துகின்றது. நோய் வயது பார்த்து வருவதில்லை. ஒருமுறை இட்ட ஊசி எக்காலத்திற்கும் போதுமானதன்று. நாம் பெறும் நோய் நம்மோடு மட்டும் நிற்பதன்று.

ஆற்றல் குன்றுவது ஏன்?

நுண்ணுயிரின் வலுவிழந்த வடிவத்தையோ அதன் ஒரு கூற்றையோ உடலுக்கு அறிமுகம் செய்து வைப்பதே பெரும்பாலான தடுப்பூசிகளின் பணி. பகைவனின் முகத்தை முன்கூட்டியே கண்டுகொண்ட காவலன்போல, உடல் எதிர்ப்பொருள்களை உண்டாக்கி அந்நினைவைப் போற்றி வைக்கின்றது. தட்டம்மை போன்றவற்றில் இந்நினைவு பெரும்பாலும் வாழ்நாள் முழுவதும் நீடிக்கும். இரண ஜன்னி, தொண்டை அடைப்பான் போன்றவற்றில் ஆண்டுகள் செல்லச் செல்ல எதிர்ப்பாற்றல் குன்றும். இன்ஃபுளுயன்சா காய்ச்சலை உண்டாக்கும் வைரசோ அடிக்கடி தன் உருவையே மாற்றிக்கொள்கின்றது.

இன்னொன்றையும் எண்ண வேண்டும். நம் நாட்டில் குழந்தைகளுக்கான விரிவான தடுப்பூசித் திட்டம் 1978ஆம் ஆண்டில்தான் தொடங்கியது. அதற்கு முன் பிறந்த பெரியவர் பலருக்கு, இன்றைய குழந்தை பெறும் ஊசிகளுள் பல கிட்டியதே இல்லை.

கருத்தில் கொள்ள வேண்டியவை

இரண ஜன்னியையும் தொண்டை அடைப்பானையும் சேர்த்துத் தடுக்கும் ஊசியைப் பத்து ஆண்டுகளுக்கு ஒருமுறை இட்டுக்கொள்ளுதல் நன்று. ஆணி குத்திய பிறகே மருத்துவமனைக்கு ஓடும் பழக்கம் மாற வேண்டும்.

முதியோரும், சர்க்கரை நோய், இதய நோய், ஆஸ்துமா உடையோரும் இன்ஃபுளுயன்சா தடுப்பூசியை ஆண்டுதோறும் இட்டுக்கொள்வது நலம். நிமோனியாவைத் தடுக்கும் ஊசி குறித்தும் அவர்கள் மருத்துவரைக் கலந்து கொள்ள வேண்டும்.

கல்லீரலைத் தாக்கும் ஹெபடைடிஸ் ‘பி’ நோய்க்கான ஊசி, 0, 1, 6 ஆகிய மாதங்களில் மூன்று தவணைகளாக இடப்படுவது. இடையில் நிறுத்திவிட்டால் முழுப் பயன் கிட்டாது.

கருவுற்ற பெண்ணுக்கு ரூபெல்லா அம்மை கண்டால், பிறக்கும் குழந்தையின் கண், செவி, இதயம் ஆகியன பழுதடையக்கூடும். அவ்வூசி பெறாத பெண்கள் கருவுறுவதற்கு முன்னரே அதனை இட்டுக்கொள்ள வேண்டும். கருவுற்ற பின் இடலாகாது. எந்த ஊசியாயினும், ஒவ்வாமையோ நாட்பட்ட நோயோ இருப்பின் அதனை மருத்துவரிடம் முதலில் கூறிவிட வேண்டும்.

தயக்கம் தகுமோ?

இறைவனின் நாட்டப்படியே யாவும் நடக்கும். ஊசி எதற்கு என வினவுவாரும் உளர். ஒட்டகத்தைக் கட்டாமல் விட்டுவிட்டு இறைவன்மீது பொறுப்புச் சாட்ட எண்ணியவருக்கு, முதலில் அதனைக் கட்டுமாறு அறிவுறுத்தியவர் நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள். கொள்ளை நோய் பரவிய ஊருக்குள் நுழையாமலும், அவ்வூரிலிருந்து வெளியேறாமலும் இருக்குமாறு பணித்தவரும் அவர்களே. முயற்சியும் தவக்குலும் ஒன்றுக்கொன்று பகையல்ல என்பதற்கு இவையே சான்று.

முஸ்லிம் மருத்துவ மரபும் இதற்கு அயலானதன்று. பெரியம்மையையும் தட்டம்மையையும் வேறுபடுத்தித் தனி நூல் எழுதியவர் மருத்துவ மேதை அர்-ராஸி. துருக்கியில் வழக்கிலிருந்த அம்மை குத்தும் முறையை 1717ஆம் ஆண்டில் கண்டு வியந்து இங்கிலாந்திற்கு எடுத்துச் சென்றவர் மேரி மாண்டேகு சீமாட்டி. 1796ஆம் ஆண்டில் எட்வர்டு ஜென்னர் பசு அம்மையைக் கொண்டு பாதுகாப்பான வழியைக் கண்டார். 1980ஆம் ஆண்டில் பெரியம்மை உலகிலிருந்தே ஒழிந்ததாக அறிவிக்கப்பட்டது. 2014ஆம் ஆண்டில் நம் நாடு போலியோ அற்ற நாடாகச் சான்று பெற்றது. இவையனைத்தும் தடுப்பூசி ஈட்டித் தந்த வெற்றிகள்.

நாம் செய்யத்தக்கது

குழந்தையின் தடுப்பூசி அட்டையைக் கண்ணெனக் காக்கும் நாம், நமக்கென ஓர் அட்டை வைத்திருக்கிறோமா? இட்ட ஊசி, இட்ட நாள், அடுத்த தவணை ஆகியவற்றைக் குறித்துவைக்க ஒரு தாளே போதும். மாணவர்கள் தம் இல்லத்துப் பாட்டனார், பாட்டியார் பெயரில் அவ்வட்டையைத் தாமே எழுதித் தரலாம். ஜமாஅத் பெரியவர்கள் ஹஜ் பயணிகளிடம் காட்டும் அக்கறையை மஹல்லாவிலுள்ள எல்லா முதியோரிடமும் காட்டலாம்.

புனிதப் பயணத்தில் பிறருக்குத் தீங்கு நேராமல் காக்க ஊசி இட்டுக்கொள்ளும் நாம், நம் இல்லத்தில் நம்மோடு ஒரே தட்டில் உண்ணும் பேரக் குழந்தையைக் காக்கவும் அதே கடமையை மேற்கொள்வோமாக.