குரலுக்கு உரியவர்கள்

நுழையும்முன்

மக்கள் தலைமுறை தலைமுறையாகப் போற்றிவரும் கதை, பாட்டு, பழமொழி, நம்பிக்கை, சடங்கு, கைவினை ஆகியவற்றை ஆராயும் துறை நாட்டுப்புறவியல் ஆகும். தொல்குடியினரும், ஐரோப்பாவிலிருந்து வந்து குடியேறியோரும், ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாகக் கொண்டுவரப்பட்டோரின் வழித்தோன்றல்களும் வாழும் அமெரிக்க ஐக்கிய நாடுகளில் இத்துறை வளர்ந்த வரலாறு, ஓர் அறவினாவின் வரலாறாகவும் அமைந்துள்ளது. வழக்காற்றைச் சேகரிப்பவருக்கும் அதனை வழங்கும் மக்களுக்கும் இடையே இருக்கவேண்டிய உறவு யாது என்பதே அவ்வினா.

ஏட்டிலிருந்து களத்திற்கு

மாசசூசெட்ஸ் மாநிலத்தின் கேம்பிரிட்ஜ் நகரில் 1888ஆம் ஆண்டு அமெரிக்க நாட்டுப்புறவியல் கழகம் தோன்றியது. ஹார்வர்டு பல்கலைக்கழகப் பேராசிரியர் பிரான்சிஸ் ஜேம்ஸ் சைல்டு அதன் முதல் தலைவரானார். இங்கிலாந்து, ஸ்காட்லாந்து நாடுகளின் கதைப்பாடல்கள் 305ஐ அவர் தொகுத்துள்ளார். பழைய கையெழுத்துப் படிகளும் அச்சு நூல்களுமே அத்தொகுப்பிற்குப் பெரிதும் துணைநின்றன. கழகம் தோன்றிய ஆண்டிலேயே அதன் ஆய்விதழும் வெளிவந்தது. பழைய ஆங்கில வழக்காறுகளின் எச்சங்கள், தென்மாநிலக் கறுப்பின மக்களின் வழக்காறுகள், தொல்குடியினரின் வழக்காறுகள், பிரெஞ்சுக் கனடா, மெக்சிகோ முதலிய பகுதிகளின் வழக்காறுகள் எனச் சேகரிக்க வேண்டியவற்றை இதழாசிரியர் வில்லியம் வெல்ஸ் நியூவெல் வகைப்படுத்தினார்.

இவை யாவும் விரைவில் அழிந்துவிடும் என்பது அக்கால அறிஞர்களின் எண்ணம். ஆனால், 1916 முதல் 1918 வரை அப்பலாச்சியன் மலைப்பகுதியில் பயணம் செய்த ஆங்கிலேயர் செசில் ஷார்ப், சைல்டு தொகுத்த கதைப்பாடல்கள் பலவற்றை மலைவாழ் மக்கள் அன்றும் பாடிவருவதைக் கேட்டார். ஏட்டில் எச்சமாகக் கருதப்பட்டது, மக்கள் நாவில் உயிரோடு இருந்தது.

மெழுகில் பதிந்த குரல்

1890ஆம் ஆண்டு மார்ச் மாதத்தில் ஜெசி வால்டர் ஃபியூக்ஸ் என்னும் ஆய்வாளர், எடிசன் உருவாக்கிய ஒலிப்பதிவுக் கருவியுடன் மெயின் மாநிலத்திற்குச் சென்றார். அங்கு வாழும் பாசமக்குவாடி என்னும் தொல்குடியினரின் பாட்டுகளையும் கதைகளையும் சொற்களையும் மெழுகு உருளைகளில் பதிவு செய்தார். பாம்பாட்டப் பாட்டும், பண்டமாற்றின்போது ஆடும் ஆட்டத்திற்குரிய பாட்டும் அவற்றுள் அடங்கும். உருளை ஒன்றில் இரண்டு மூன்று நிமிட ஒலியே அடங்கும். இசைக்குந்தோறும் மெழுகு தேயும். எனினும், இன்று கிடைக்கும் களஒலிப்பதிவுகளுள் மிகப் பழையனவாக இவை மதிக்கப்படுகின்றன.

இப்பதிவைக் கொண்டு ஃபியூக்ஸ் ஆய்வுக்கட்டுரை எழுதினார். உருளைகள் அருங்காட்சியகத்தைச் சென்றடைந்தன. பாடிய மக்களின் சந்ததியினர் அவற்றைக் கேட்க நெடுங்காலம் வழியில்லாது போயிற்று.

நெருங்கினால் திறக்கும் கதவு

சேகரிப்பவர் எவ்வாறு அணுகவேண்டும் என்பதற்குச் சோரா நீல் ஹர்ஸ்டன் என்னும் கறுப்பின எழுத்தாளரின் பட்டறிவு சான்றாகிறது. ஃபுளோரிடாவில், கறுப்பின மக்கள் தாமே ஆண்ட ஈட்டன்வில் என்னும் ஊரில் வளர்ந்தவர் அவர். நியூயார்க்கில் மானிடவியல் அறிஞர் பிரான்ஸ் போவாசிடம் பயின்றபின், 1927இல் தம் மக்களின் கதைகளைத் திரட்டப் புறப்பட்டார். கல்லூரியில் கற்ற திருந்திய உச்சரிப்புடன் கதைகள் உண்டா என்று வினவியபோது, எவரும் வாய் திறக்கவில்லை. பின்னர் அவர்களோடு கலந்து உரையாடியும் விருந்துகளில் பங்கேற்றும் பழகிய பிறகே கதைகள் பெருகி வந்தன. அவற்றைத் தொகுத்து, 1935இல் ‘மியூல்ஸ் அண்டு மென்’ என்னும் நூலாக வெளியிட்டார். கதையை மட்டும் பிரித்தெடுக்காமல், அது சொல்லப்பட்ட திண்ணையையும், சொன்னவரின் கேலியையும், கேட்டவரின் மறுமொழியையும் சேர்த்தே எழுதியது இந்நூலின் தனிச்சிறப்பாகும்.

சிறையில் ஒலித்த பாட்டு

அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தில் 1928இல் நாட்டுப்புறப் பாடல் ஆவணக்காப்பகம் நிறுவப்பட்டது. அதற்காக ஜான் லோமாக்சும் அவருடைய மகன் ஆலன் லோமாக்சும் 1933இல் தென்மாநிலங்களில் பயணம் செய்தனர். லூசியானாவின் அங்கோலா சிறையில், பன்னிரு நரம்புக் கித்தார் இசைப்பதில் வல்லவரான ஹடி லெட்பெட்டரைச் சந்தித்தனர். ‘லெட் பெல்லி’ என்று உலகம் அறிந்த பாடகர் அவர். மறு ஆண்டு அவர் விடுதலையானபோது, ஆளுநரை வேண்டிப் பாடிய பாட்டே அவரை விடுவித்தது என்னும் கதை பரவியது. நன்னடத்தைக்குரிய தண்டனைக் குறைப்பே காரணம் எனச் சிறைத்துறை கூறியது. பாடகரைப் பற்றியே ஒரு வழக்காறு பிறந்துவிட்டது!

லெட் பெல்லி பாடிய ‘குட்நைட் ஐரீன்’ என்னும் பாட்டின் பதிப்புரிமையில் ஜான் லோமாக்சின் பெயரும் இடம்பெற்றது. 1949 டிசம்பரில் லெட் பெல்லி மறைந்தார். அடுத்த ஆண்டு வேறொரு குழுவினர் பாடிய அதே பாட்டு நாடெங்கும் பெரும்புகழ் பெற்றது. பதிவு செய்தவருக்குப் பாட்டில் பங்கு உண்டா என்னும் வினா இன்றளவும் எழுப்பப்படுகிறது.

மக்கள் என்போர் யாவர்?

அறிஞர் ரிச்சர்டு டார்சன், மக்களிடம் வழங்காமல் எழுத்தாளர்களும் வணிகர்களும் புனைந்து பரப்புவனவற்றைப் ‘போலி வழக்காறு’ என 1950இல் சாடினார். மரம் வெட்டுவோரிடையே சிறிதளவே வழங்கிய பால் பன்யன் என்னும் பூதாகார வீரனின் கதை, மரநிறுவனம் ஒன்றின் விளம்பர ஏடுகளால் நாடறிந்த கதையானதை அவர் எடுத்துக்காட்டினார்.

கலிபோர்னியப் பல்கலைக்கழகப் பேராசிரியர் ஆலன் டண்டஸ், ‘மக்கள்’ என்னும் சொல்லின் எல்லையை விரித்தார். தொழில், மொழி, சமயம் என ஏதேனும் ஒரு பொதுக்கூறு உடைய எந்தக் குழுவும் மக்கள் குழுவே என்பது அவர் கருத்து. இதனால், சிற்றூர் உழவர்க்கு மட்டுமன்றி நகரத் தொழிலாளர்க்கும் மாணவர்க்கும் வழக்காறு உண்டு என்பது தெளிவாயிற்று. எல்லோரும் வழக்காறு உடையோர் எனில், ஆராய்பவர் உயர்ந்தவர், ஆராயப்படுபவர் தாழ்ந்தவர் என்னும் எண்ணத்திற்கு இடமில்லை.

திரும்பி வந்த குரல்

1976இல் இயற்றப்பட்ட சட்டத்தின் வழியே, நாடாளுமன்ற நூலகத்தில் அமெரிக்க நாட்டுப்புற வாழ்வியல் மையம் உருவாயிற்று. 1979இல் தொடங்கிய திட்டம் ஒன்றின்கீழ்ப் பழைய மெழுகு உருளைகள் படியெடுக்கப்பட்டு, அவற்றின் படிகள் உரிய தொல்குடியினரிடம் அளிக்கப்பட்டன. பாசமக்குவாடி மக்களும் தம் முன்னோர் குரலைக் கேட்டனர். பின்னர் எண்மத் தொழில்நுட்பத்தால் ஒலி மேலும் தெளிவாக்கப்பட்டது. இன்று அம்மொழியைச் சரளமாகப் பேசுவோர் மிகச் சிலரே. அவர்கள் பதிவுகளை மீண்டும் மீண்டும் கேட்டுச் சொற்களை இனங்கண்டு எழுதுகின்றனர். பழைய பாட்டுகளை இளையோருக்குக் கற்பிக்கின்றனர்.

நூலகப் பட்டியலிலும் மாற்றம் நிகழ்ந்துள்ளது. சேகரித்தவர் பெயர் முதன்மை பெற்றிருந்த இடத்தில், பாட்டுக்குரிய சமூகத்தின் பெயரும், அது விற்பனைக்குரியதன்று என்னும் குறிப்பும் அம்மக்களின் மொழியிலேயே இடம்பெற்றுள்ளன.

அழியுமுன் திரட்டவேண்டும் என்னும் வேட்கையுடன் தோன்றிய துறை, திரட்டியதை உரியவரிடம் சேர்க்கவேண்டும் என்னும் கடமையை உணர்ந்துள்ளது. வழக்காற்றைப் பதிவு செய்வது அதன் பாதுகாப்பில் பாதியே. அதனைப் படைத்த மக்கள் நாவில் அது மீண்டும் ஒலிக்கும்போதுதான் அப்பணி நிறைவு பெறுகிறது.