திருட்டுச் சரக்குக்கு நம் கடையில் இடம் வேண்டாம்



நமது ஊர்ப் பெயரிலேயே 2015ஆம் ஆண்டு கமல்ஹாசன் நடித்து ‘பாபநாசம்’ படம் வந்தது. அதன் கதாநாயகன் கேபிள் டி.வி. நடத்துபவர், நம்மைப் போலச் சிறு வியாபாரிதான். அந்தப் படத்தை என் பேரன் செல்போனில் போட்டுக் காட்டினான்.

“எவ்வளவு துட்டுலே குடுத்தே?” என்றேன்.

“ஓசிதான் தாத்தா, டெலிகிராம்ல வந்தது” என்றான்.

அந்த ‘ஓசி’ எனக்கு உறுத்தியது. பில் இல்லாமல் பாதி விலைக்குத் துவரம்பருப்பு மூட்டை வந்தால், “சரக்கு எங்கிருந்து வந்தது?” என்றுதானே முதலில் கேட்போம்? சினிமாவுக்கு மட்டும் ஏன் கேட்பதில்லை?

சினிமாவும் சரக்குதான். வட்டிக்கு வாங்கி முதல் போடுகிறார்கள். முதல் ஓரிரு வார வசூலே பெரிது. அதற்குள் திருட்டுப் பிரதி வந்துவிடுகிறது. 2024 ஜூலையில் திருவனந்தபுரத்துத் தியேட்டர் ஒன்றில் ‘ராயன்’ படத்தைச் செல்போனில் பதிவு செய்தவரைக் கேரளப் போலீசார் கையும் களவுமாகப் பிடித்தார்கள்.

நட்டம் நடிகருக்கு மட்டும் என்று எண்ண வேண்டாம். ஒரு தியேட்டர் கேண்டீனுக்கு நான் சீனி, தேயிலை, எண்ணெய் கொடுத்து வந்தேன். கூட்டம் குறையக் குறைய என் பற்று நோட்டிலும் நிலுவை ஏறியது.

ஓசியில் படம் காட்டுபவர்கள் தர்மத்துக்குக் காட்டவில்லை. சூதாட்ட விளம்பரங்களில் காசு பார்க்கிறார்கள். படம் என்று நினைத்துத் தொட்டால், வேவு பார்க்கும் செயலி செல்போனில் இறங்கிவிடலாம். இன்று நம் கல்லாப்பெட்டியே ஜி-பே உள்ள செல்போன்தான். அதில் கடைப் பையன் ஓசிப் படம் தேடுவது, கல்லாவைத் திறந்து போட்டுவிட்டுச் சாப்பிடப் போவது போன்றது.

மெமரி கார்டில் படம் ஏற்றித் தரும் செல்போன் கடை நண்பர்களுக்கும் ஒரு வார்த்தை. 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டப்படி இதற்கு 6 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறை உண்டு. 50,000 ரூபாய் முதல் 2 லட்சம் வரை அபராதமும் உண்டு. தமிழகத்தில் 2004லேயே திருட்டு வீடியோக்காரர்களைக் குண்டர் சட்டத்தில் சேர்த்துவிட்டார்கள். இருபது ரூபாய் வரவுக்கு இத்தனை செலவா?

போலி டீத்தூளும் போலி சோப்பும் கடைத்தெருவுக்கு வந்தால் சங்கக் கூட்டத்தில் கொதிக்கிறோம். அடுத்தவன் சரக்கு திருடு போகும்போதும் அதே கொதிப்பு வேண்டாமா?

தீபாவளிக்குப் பேரனைத் தியேட்டருக்குக் கூட்டிப் போவதாகச் சொல்லியிருக்கிறேன். டிக்கெட் என் கணக்கில். பாவம் தீர்க்கும் ஊரில் இருந்துகொண்டு நாமே பாவத்தைச் சேர்க்க வேண்டாம்!