வெள்ளைப் பீங்கான் படத்தில் சாம்பலாவது ஏன்?

விருத்தாசலத்துச் சூளைகளிலிருந்து இறங்கும் அகல் விளக்கு, பொம்மை, ஃபியூஸ் கேரியர் எதுவானாலும் வெளியூர் வியாபாரி அதை முதலில் கையில் எடுத்துப் பார்ப்பதில்லை, வாட்ஸ்அப்பில்தான் பார்க்கிறார். அந்தச் சரக்கை வாங்கி வைத்துக்கொண்டு மங்களூரிலிருந்து விற்க நினைப்பவருக்கும் இதே நிலைதான் (கர்நாடகத்து மங்களூர் அல்ல, நம் கடலூர் மாவட்டத்து மங்களூர்). படம் மங்கலாக இருந்தால் பழி சரக்கின் மேல் விழுகிறது. எனவே போன் கேமரா எங்கே தடுமாறும் என்று தெரிந்துகொள்வது நல்லது.

முதல் தடுமாற்றம் வெளிச்சக் கணக்கில். எதிரே உள்ள காட்சி சராசரியாக நடுத்தரச் சாம்பல் நிறத்தில் இருக்கும் என்ற அனுமானத்தில்தான் கேமரா செயலி வேலை செய்கிறது. வெள்ளைத் துணிமேல் வெள்ளைத் தட்டை வைத்தால் ‘வெளிச்சம் கூடிப்போயிற்று’ என்று அதுவே குறைத்துவிடும். பளிச்சென்ற பீங்கான் அழுக்கேறியதுபோலத் தெரியும். கறுப்புத் துணிமேல் வைத்தால் நேர்மாறு: தட்டு வெளுத்து, அதில் வரைந்த பூவின் கோடுகள் காணாமல் போகும். இதற்கு வழி திரையிலேயே இருக்கிறது. பொருளின் மேல் விரலை வைத்துச் சற்று அழுத்திப் பிடித்தால் பெரும்பாலான போன்களில் ஃபோகஸும் வெளிச்சமும் பூட்டிக்கொள்ளும். பக்கத்தில் தோன்றும் சூரியக் குறியை, வெள்ளை வெள்ளையாகும்வரை மேலே தள்ளுங்கள். கோடுகள் மறையத் தொடங்கினால் கொஞ்சம் இறக்குங்கள்.

அடுத்தது கிளேஸ், அதாவது பீங்கானின் மேலுள்ள பளபளப்புப் பூச்சு. இது கண்ணாடிக்குச் சமம். டியூப்லைட், ஜன்னல், படம் எடுப்பவரின் வெள்ளைச் சட்டை எல்லாம் அதில் தெரியும். கேமரா செயலியை நம்பி இதைச் சரிசெய்ய முடியாது. வெளிச்சத்தைத்தான் மாற்ற வேண்டும். ஃப்ளாஷை அணைத்துவிடுங்கள். ஜன்னலுக்கு மெல்லிய வெள்ளை வேட்டியைத் திரையாகக் கட்டி, பொருளை அதன் அருகே வையுங்கள். எதிர்ப்புறம் வெள்ளைச் சார்ட் அட்டை ஒன்றை நிறுத்தினால் நிழல் இளகும். கண்ணைக் குத்தும் வெள்ளைப் புள்ளி அகன்று, மென்மையான மினுமினுப்பாக மாறும். அந்த மினுமினுப்பை முழுதாக ஒழித்துவிடக் கூடாது என்பது என் கருத்து. அது இல்லாவிட்டால் கிளேஸ் போட்ட விளக்குக்கும் போடாத விளக்குக்கும் படத்தில் வித்தியாசம் தெரியாது. கிளேஸில் ஊசித்துளையோ கீறலோ இருந்தால், பக்கவாட்டில் தாழ்வாக விழும் வெளிச்சத்தில் தனியாக ஒரு படம் எடுத்துச் சேர்த்து அனுப்புங்கள். வாங்குபவருக்கு அதைப் பார்க்கும் உரிமை உண்டு.

நிறம் பிசகுவதற்குப் பெரும்பாலும் காரணம் இரண்டு வகை வெளிச்சம் கலப்பதுதான். பகலில் எடுக்கும்போது அறை விளக்கை அணைத்தாலே பாதிப் பிரச்சினை தீரும். மீதிக்கு புரோ மோடில் ஒயிட் பேலன்ஸை 5500 கெல்வின் அளவில் நிறுத்தி, பார்த்துப் பார்த்துக் கூட்டிக் குறைக்கலாம். புரோ மோடு இல்லாத ஆண்ட்ராய்டு போனில் ‘ஓபன் கேமரா’ என்ற இலவசச் செயலி உதவும். ஆனால் 2014இல் ஆண்ட்ராய்டு 5 உடன் வந்த ‘கேமரா2’ என்ற வழியில், போன் தயாரித்த நிறுவனம் எதைத் திறந்துவிட்டிருக்கிறதோ அதை மட்டுமே வெளிச்செயலிகள் தொட முடியும். விலை குறைந்த போனில் ஷட்டர் வேகத்தை மாற்றும் வசதி தெரியாவிட்டால் செயலியைக் குறை சொல்லிப் பயனில்லை. ஐபோனின் சொந்தக் கேமரா செயலியிலும் ஷட்டர் வேகத்தைக் கையால் வைக்க வழியில்லை. ‘ஹேலைட்’ போன்ற வேறு செயலி வேண்டும்.

கிட்டே போய் எடுக்காதீர்கள். போனின் முதன்மை லென்ஸ் அகன்ற கோணம் கொண்டது. நெருங்கினால் கோப்பையின் வாய் உப்பி, அடி சிறுத்துவிடும். இன்னும் நெருங்கினால் சில போன்கள் சொல்லாமலே அல்ட்ரா வைட் லென்ஸுக்குத் தாவும். திரையில் காட்சி சட்டென்று துள்ளினால் அதுதான். ஒரு மீட்டர் தள்ளி நின்று 2எக்ஸ் வைத்து, போனை எதிலாவது சாய்த்து, டைமர் போட்டு எடுங்கள்.

படமாக அனுப்பினால் வாட்ஸ்அப் அதைச் சுருக்கிவிடும். ‘டாக்குமெண்ட்’ என்று தேர்ந்து அனுப்பினால் எடுத்தது எடுத்தபடி போய்ச் சேரும்.