எங்களுக்குப் பிறகு இவனுக்கு யார்?

(நமது நிருபர்)

மனவளர்ச்சி குன்றிய பிள்ளையைப் பெற்றவர்கள் எந்த ஊரில் இருந்தாலும் கேட்கும் கேள்வி இது. எங்கள் ரயில்வே குவார்ட்டர்ஸில் ஒரு வீட்டில் முப்பது வயதுப் பிள்ளை இருக்கிறான். விருந்தாளி வந்தால் உள்ளறைக் கதவைச் சாத்திவிடுவார்கள். அந்தக் கதவைத் திறந்து காட்டிய அமெரிக்க டாகுமெண்டரிப் படம் ஒன்று உண்டு. 1979-ல் வெளிவந்த 'பெஸ்ட் பாய்' என்பது அதன் பெயர்.

அதற்கு முன்பும் கேமரா இத்தகையவர்களைப் பார்த்திருக்கிறது. 1972-ல் நியூயார்க் நகரின் வில்லோபுரூக் அரசு விடுதிக்குள் ஜெரால்டோ ரிவேரா என்ற டெலிவிஷன் நிருபர் நுழைந்து படம் எடுத்தார். உடுத்தத் துணியின்றி அழுக்கில் கிடந்தவர்களைக் கண்டு நாடே பதறியது. பெற்றோர் வழக்குத் தொடுத்தனர். 1975-ல் சீர்திருத்தங்களுக்கு அரசு இணங்கியது. 1987-ல் விடுதி மூடப்பட்டது. நன்மை பெரிதுதான். ஆனால் அங்கே இருந்தவர்களில் பெரும்பாலோர் பார்த்தவர்கள் மனதில் பரிதாபத்துக்குரிய கூட்டமாகவே நின்றார்கள். அவர்கள் பெயர் என்ன, எதற்குச் சிரிப்பார்கள் என்பது தெரியவில்லை.

ஐம்பத்திரண்டு வயதுப் பிள்ளை

'பெஸ்ட் பாய்' படத்தில் கூட்டம் இல்லை, ஒரே ஒருவர்தான். பெயர் பிலி, வயது 52. வயதான தாய் தந்தையின் நிழலிலேயே வாழ்ந்தவர். படம் எடுத்த ஐரா வோல் அவருடைய சொந்தக்காரர். பெரியவர்கள் காலத்துக்குப் பிறகு பிலி என்ன செய்வார் என்ற கவலையே படத்துக்கு விதை. சுமார் மூன்று வருஷம் கேமரா அந்தக் குடும்பத்தோடு இருந்தது.

பிலி பயிற்சி நிலையத்துக்குப் போகிறார். புகழ்பெற்ற நாடக நடிகர் ஜீரோ மாஸ்டலை மேடைக்குப் பின்னால் சந்தித்து, அவரோடு சேர்ந்து பாடுகிறார். அந்த மகிழ்ச்சி நமக்கும் தொற்றிக்கொள்கிறது. பரிகாசத்துக்கு அங்கே இடமே இல்லை.

படப்பிடிப்புக் காலத்திலேயே தந்தை காலமாகிறார். கடைசியில் பிலி தன்னைப் போன்றவர்கள் சேர்ந்து வாழும் இல்லத்துக்குக் குடிபோகிறார். தாய் தனியாக நிற்கிறார். மகனுக்கு வழி பிறந்ததையும் தாயின் வீடு வெறிச்சோடியதையும் படம் சேர்த்தே காட்டுகிறது. ஒன்றைச் சொல்லி மற்றதை மறைக்கவில்லை. இதற்கு ஆஸ்கார் பரிசும் கிடைத்தது.

தன்னைப் படம் எடுப்பதன் முழுப் பொருளையும் பிலி அறிந்திருப்பாரா என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான். எடுப்பவருக்கு அதனால் பொறுப்பு இரட்டிப்பாகிறது. வோல் படத்தோடு உறவை முடித்துக்கொள்ளவில்லை. 1997-ல் வந்த அடுத்த படத்தில், எழுபது வயதை எட்டிய பிலியை மீண்டும் காட்டினார்.

நம் நாட்டில்

இதே கவலைக்காக 1999-ல் நம் நாட்டிலும் தேசிய அறக்கட்டளைச் சட்டம் வந்தது. பதினெட்டு வயது கடந்தவருக்கும் சட்டப்படி காப்பாளரை நியமிக்க மாவட்ட அளவில் குழு உண்டு. கலெக்டர் அலுவலகத்தில் விசாரிக்கலாம்.

குவார்ட்டர்ஸ் நண்பரிடம் பிலியின் கதையைச் சொன்னேன்.

"அந்த அம்மா மகனை அனுப்பச் சம்மதித்தார்களா சார்?" என்று கேட்டார்.

"சம்மதித்தார்கள்" என்றேன்.

வெகுநேரம் அவர் ஒன்றும் பேசவில்லை. அன்று நான் எழுந்து வரும்வரை உள்ளறைக் கதவு திறந்தே இருந்தது.