நீளக் குழல் '303' ரைபிளுக்கு மவுசு போச்சா? இன்னும் எதுக்கு உதவும்?

போலீஸ் ஸ்டேஷன், கஜானா, ஜெயில் வாசல்களில் பாரா நின்ற போலீஸ்காரர் தோளில் நீளமா ஒரு துப்பாக்கி தொங்குமே, ஞாபகம் இருக்கா? மரக்கட்டை உடம்பு, இரும்புக் குழல். அதுதான் 'த்ரீ நாட் த்ரீ'. வெள்ளைக்காரன் காலத்து சரக்கு.

"இந்தப் பழைய கட்டையை வெச்சுக்கிட்டு என்ன செய்யறது?" என்று கேலி பேசுபவர்கள் உண்டு. "அந்தக் காலத்து இரும்புக்கு ஈடாகுமா?" என்று பெருமை பேசுபவர்களும் உண்டு. இதில் யார் சொல்வது சரி?

'குட்டை' என்றுதான் பெயர்!

முதலில் ஒரு வேடிக்கை. இப்போது நாம் நீளம் என்று சொல்லும் இந்த ரைபிளுக்கு அன்று 'ஷார்ட்', அதாவது குட்டை என்றுதான் பெயர்.

1895-ல் வந்த முதல் 'லீ என்பீல்டு' ரைபிளின் குழல் 30 அங்குலம். தென் ஆப்பிரிக்காவில் 1902-ல் முடிந்த போயர் போருக்குப் பிறகு பிரிட்டிஷ்காரர்கள் யோசித்தார்கள். நடந்து போகிற சிப்பாய்க்கும் குதிரையில் போகிற சிப்பாய்க்கும் ஒரே துப்பாக்கி போதும் என்று குழலை 25 அங்குலமாகக் குறைத்தார்கள். 1907-ல் வந்த அதன் 'மார்க் 3' ரகம்தான் நம்ம நாட்டில் பரவியது. கொல்கத்தா அருகே இஷாப்பூர் தொழிற்சாலையிலும் இது தயாரானது.

அதன் பிறகும் குழல் குறைந்துகொண்டேதான் வந்தது. கணக்கைப் பாருங்கள்:

303 ரைபிள் - சுமார் 25 அங்குலம்
எஸ்.எல்.ஆர். - சுமார் 21 அங்குலம்
இன்சாஸ் - சுமார் 18 அங்குலம்
ஏ.கே.47 - சுமார் 16 அங்குலம்

நீளத்தால் என்ன லாபம்?

நின்றுபோன ஆட்டோவை பத்தடி தள்ளிவிட்டால் கொஞ்ச வேகம்தான் வரும். இருபதடி தள்ளினால் வேகம் கூடும். துப்பாக்கியும் அப்படித்தான். மருந்து வெடித்து வரும் வாயு, குண்டு குழலுக்குள் இருக்கும் வரை அதைத் தள்ளுகிறது. குழல் நீளம் என்றால் தள்ளும் தூரமும் அதிகம். 303 குண்டு நொடிக்கு சுமார் 740 மீட்டர் வேகத்தில் பாய்கிறது. அதன் குறிபார்க்கும் தகட்டில் 2,000 கெஜம் வரை அளவு போட்டிருக்கும்.

இரண்டாவது லாபம், குறி. பின்னால் இருக்கும் தகட்டையும் குழல் முனையில் இருக்கும் குமிழையும் ஒரே நேர்கோட்டில் பார்த்துத்தான் சுட வேண்டும். இரண்டுக்கும் இடைவெளி அதிகமானால் கண் செய்யும் தப்பு குறையும். வெடிச்சத்தமும் நெருப்பும் சுடுபவரின் முகத்தை விட்டுக் கொஞ்சம் தள்ளிப் போகும்.

ஆனால், "குழல் நீளமா இருந்தா குறி தப்பாது" என்று சொல்வது தப்பு. நல்லா செய்த தடிமனான குட்டைக் குழலும் துல்லியமாகச் சுடும். இப்போது துப்பாக்கி மேலே டெலஸ்கோப் வந்துவிட்டது. அதை மாட்டிவிட்டால் தகட்டுக்கும் குமிழுக்கும் வேலையே இல்லை. நீளத்தின் பெரிய லாபம் ஒன்று அதோடு போய்விடுகிறது.

மும்பையில் நடந்தது

1962 சீனப் போரில் நம்ம வீரர்கள் பலர் இமயமலையில் 303-ஐ வைத்துத்தான் போராடினார்கள். ஒரு குண்டு சுட்டதும் கையால் போல்ட்டை இழுத்துத் தள்ளினால்தான் அடுத்த குண்டு. எதிரில் வந்தவர்களிடம் தானாகவே அடுத்த குண்டு ஏறும் துப்பாக்கி. அதற்குப் பிறகு ராணுவத்துக்கு எஸ்.எல்.ஆர். வந்தது. 303 போலீசிடம் தங்கிவிட்டது.

அதன் விலை 2008 நவம்பர் 26 இரவு மும்பை சி.எஸ்.டி. ரயில் நிலையத்தில் தெரிந்தது. ஏ.கே.47-உடன் வந்தவர்கள் இரண்டே பேர். 50-க்கும் மேற்பட்டவர்கள் உயிரிழந்தனர். அங்கே இருந்த போலீசாரில் சிலரிடம் 303 ரைபிள், சிலரிடம் வெறும் லத்தி. ரயில்வே பாதுகாப்புப் படை வீரர் ஒருவர் பக்கத்தில் நின்றவரின் ரைபிளை வாங்கிச் சுட்டார். பிறகு கையில் கிடைத்த நாற்காலியையே தூக்கி வீசினார். தைரியத்துக்குக் குறைவில்லை. கையில் இருந்த ஆயுதம்தான் அந்த இடத்துக்குப் பொருந்தவில்லை.

ஜனக்கூட்டத்தில் இன்னொரு ஆபத்தும் உண்டு. 303 குண்டு ஒருவர் உடம்பைத் துளைத்துவிட்டு பின்னால் நிற்பவர் மீதும் பாயலாம். சந்தையிலும் பஸ் ஸ்டாண்டிலும் அப்படி நடந்தால் என்ன ஆகும்?

உத்தரப் பிரதேச போலீஸ் 2020 குடியரசு தின அணிவகுப்போடு 303-க்கு விடை கொடுத்துவிட்டது.

அப்ப குப்பைக்குத்தானா?

அப்படியும் இல்லை. கனடாவின் வடகோடியில் பனிப்பிரதேசத்தைக் காவல் காக்கும் 'ரேஞ்சர்' படையினர் சமீப காலம் வரை லீ என்பீல்டைத்தான் வைத்திருந்தார்கள். உறைபனியிலும் மக்கர் பண்ணாது, பனிக்கரடி வந்தாலும் தாங்கும் என்பதால்தான். 2018 வாக்கில் மாற்றியபோதும், கையால் போல்ட் இழுக்கும் புது ரைபிளையே வாங்கினார்கள்!

திறந்தவெளி, தூரத்து இலக்கு, நின்று நிதானமாக ஒரே ஒரு குண்டு என்றால் பழைய ரைபிள் இன்றைக்கும் சளைத்ததல்ல. புதுசாகப் பழகுபவருக்கும் நல்ல வாத்தியார். அடுத்த குண்டு தானா வராது என்பதால் ஒவ்வொரு குண்டையும் யோசித்துச் சுட வைக்கும். ஆனால் ஜீப்புக்குள், மாடிப்படியில், குறுகிய சந்தில் அதே நீளம் எமனாகிவிடும். திருப்புவதற்குள் சுவரில் இடிக்கும்.

நாம வாங்கலாமா?

முடியாது. 303 ராணுவத் தோட்டா என்பதால் பொதுமக்களுக்குத் தடை. லைசென்ஸ் கிடைத்தவர்கள் .315 ரைபிள், .22 ரைபிள், இரட்டைக் குழல் துப்பாக்கி போன்றவற்றைத்தான் வாங்க முடியும். இதில் .315 ரைபிள், 303-ன் பங்காளிதான். அதே போல்ட் அமைப்பு, தோட்டா மட்டும் வேறு. 2019 சட்டத் திருத்தப்படி ஒருவர் அதிகபட்சம் 2 துப்பாக்கிதான் வைத்திருக்கலாம். விளையாட்டு வீரர்களுக்குத் தனி விதி. லைசென்ஸ் 5 ஆண்டு செல்லும்.

நீளமா குட்டையா, பழசா புதுசா என்ற சண்டையில் நாம் கேட்க மறப்பது ஒன்று இருக்கிறது. பாரா நிற்கிறவர் கடைசியா எப்போ சுட்டுப் பழகினார்? பழக்கம் இல்லாதவர் கையில் ஏ.கே.47-ம் கட்டைதான். ராத்திரி முழுக்க நமக்காக வாசலில் நிற்கிறவருக்கு இடத்துக்கு ஏற்ற துப்பாக்கியும் வேண்டும், போதுமான பயிற்சியும் வேண்டும். ரெண்டில் எது குறைந்தாலும் முதலில் ஆபத்து அவருக்கு, அடுத்து நமக்கு.