வேலி போட்டால் போதுமா?

கனமூலையில் எங்கள் குடும்பத்துத் தென்னந்தோட்டம் ஒரு ஏக்கர். அதாவது 160 பேர்ச். உம்மாவின் வாப்பா மரணசாசனம் எழுதாமல் வபாத்தானார். கடன்களைத் தீர்த்த பின் காணியைப் பங்கு வைத்தார்கள். மனைவிக்கு எட்டில் ஒன்று. மீதியில் மகனுக்கு இரண்டு பங்கு, மகளுக்கு ஒரு பங்கு. அதன்படி உம்மும்மாவுக்கு 20 பேர்ச், இரண்டு மாமாமாருக்கும் 56 பேர்ச் வீதம், உம்மாவுக்கு 28 பேர்ச். இவ்வாறு மார்க்கச் சட்டப்படி பிரிப்பதை நாட்டின் 1931ஆம் ஆண்டு 10ஆம் இலக்கக் கட்டளைச் சட்டமும் ஏற்கிறது. ஊர்ப் பெரியவர்கள் முன்னிலையில் ஒரு தாளில் எழுதிக் கையொப்பமிட்டார்கள். வேலியும் போட்டாயிற்று.

கடந்த வருடம் ராத்தாவுக்கு வீடு கட்ட உம்மா வங்கியில் கடன் கேட்டார். “உங்கள் பெயரில் உறுதி எங்கே?” என்றார்கள். காணிப் பதிவகத்தில் பார்த்தபோது, காணி இன்னும் உம்மாவின் வாப்பா பெயரிலேயே இருந்தது.

பங்கு சரியானதுதான், பதிவுதான் இல்லை. இலங்கையில் காணி உரிமை கைமாற 1840ஆம் ஆண்டு 7ஆம் இலக்கச் சட்டப்படி நொத்தாரிசு முன்னும் இரண்டு சாட்சிகள் முன்னும் உறுதி எழுதப்பட வேண்டும். வீட்டில் எழுதிய தாள் அதற்கு ஈடாகாது. “இத்தனை வருடம் ஆண்டு அனுபவித்தோமே” என்றார் சின்ன மாமா. ஆனால் கூட்டுச் சொந்தக்காரர்களுக்கிடையே ஆட்சியுரிமையை நீதிமன்றத்தில் நிரூபிப்பது இலேசானதல்ல.

செய்ய வேண்டியது இதுதான். முதலில் காணிப் பதிவேட்டின் பிரதியை எடுத்து, பழைய உறுதிகளுடன் ஒப்பிட வேண்டும். நில அளவையாளரைக் கொண்டு ஒவ்வொருவர் துண்டையும் தனித்தனியே காட்டும் படம் வரைய வேண்டும். பிறகு எல்லாப் பங்காளர்களும் பிரிவினை உறுதியில் கையொப்பமிட வேண்டும். உடனே அதைக் காணிப் பதிவகத்தில் பதிய வேண்டும். பதியாமல் வைத்தால், அதே காணியைப் பின்னர் விலைக்கு வாங்கி முறையாகப் பதிந்தவரிடம் நம் உறுதி தோற்றுப்போகலாம். பிரதேச சபையின் வரி இடாப்பிலும் பெயரை மாற்றிக்கொள்ள வேண்டும். ஒருவர் கையொப்பமிட மறுத்தால், 1977ஆம் ஆண்டு 21ஆம் இலக்கப் பிரிவினைச் சட்டத்தின் கீழ் மாவட்ட நீதிமன்றத்தில் வழக்கிட வேண்டியதுதான். அரச அனுமதிப்பத்திரக் காணிக்கு விதி வேறு; அதற்குப் பிரதேச செயலகத்தில் விசாரிக்க வேண்டும்.

எங்களுக்கு வந்த சிக்கல் தாமதத்தால் வந்தது. இதற்கிடையில் பெரிய மாமா வபாத்தாகியிருந்தார். அன்று நான்கு கையொப்பம் போதும்; இன்று மாமியும் மூன்று பிள்ளைகளும் சேர்ந்து ஏழு. ஒரு மகன் கத்தாரில். அவரிடமிருந்து அற்றோணித் தத்துவம் வரவே ஐந்து மாதமாயிற்று. நல்லவேளை, எவரும் மறுக்கவில்லை. உறுதி பதியப்பட்ட அன்று, உம்மா தன் பெயரை இரண்டு முறை வாசித்தார்.

தோழியரே, இந்த விடுமுறையில் வீட்டு அலுமாரியிலுள்ள உறுதியை எடுத்து, யார் பெயரில் இருக்கிறதென்று பாருங்கள். கையொப்பமிட வேண்டியவர்கள் எல்லோரும் உயிரோடிருக்கும்போதே பெற்றோரிடம் பேசுங்கள்.